அதோடு சரி! சிரிப்பு இல்லாத சிரிப்புத் துணுக்குகள்

வாய்விட்டுச் சிரித்தால் நோய்விட்டுப் போகும் என்பர் பெரியோர். ஆனால் சிரிப்பதற்கு ஒன்றுமே இல்லாத இடத்தில் நாம் ஏன் சிரிக்கிறோம்? இந்தக் கேள்வி எங்கள் பத்தாம் வகுப்பில், அதுவும் கணிதப் பாடவேளையில் பிறந்தது என்றால் யாரும் நம்பமாட்டீர்கள்.

காலாண்டுத் தேர்வுக்கு முந்தைய நாள். கணிதம் கற்பிக்கும் சிஸ்டர் வகுப்புக்குள் வந்தார். வராந்தாவை ஒருமுறை எட்டிப் பார்த்தார். பிறகு குரலைத் தாழ்த்தி, "பிள்ளைகளே, நாளைத் தேர்வில் ஒரே ஒரு பாடத்திலிருந்துதான் எல்லாக் கேள்விகளும் வரும்" என்றார். நாற்பது தலைகளும் ஒன்றாக முன்னால் சாய்ந்தன. முக்கோணவியலா, அளவியலா என்று பின் வரிசையில் முணுமுணுப்பு எழுந்தது. எங்களில் சிலர் குறித்துக்கொள்ளப் பேனா மூடியையும் திறந்துவிட்டோம். சிஸ்டர் எங்கள் எல்லோரையும் நிதானமாகப் பார்த்து, "கணக்குப் பாடத்திலிருந்து" என்று சொல்லிவிட்டுக் கரும்பலகைப் பக்கம் திரும்பிக்கொண்டார். அவர் முகத்தில் ஒரு சிறு மாற்றமும் இல்லை. ஒரு நொடி வகுப்பு முழுவதும் அமைதி. அதன்பின் எழுந்த சிரிப்பொலி கேட்டுப் பக்கத்து வகுப்பு ஆசிரியை வந்து எட்டிப் பார்த்தார்.

அன்று மதிய உணவு வேளையில் புளியமரத்தடியில் அமர்ந்து இதையே பேசினோம். சிஸ்டர் சொன்னதில் பொய் இல்லை. வேடிக்கையான செய்தியும் இல்லை. கணக்குத் தேர்வுக்குக் கணக்குப் பாடத்திலிருந்து கேள்வி வருவது உலகறிந்த உண்மை. அப்படியிருந்தும் வயிறு வலிக்கச் சிரித்தோம். ஏன்?

இத்தகைய துணுக்குகளுக்குத் தமிழில் பெயர்களுக்குப் பஞ்சமில்லை. எங்கள் தாய்மார் காலத்தில் 'அறுவை' என்றார்கள். 'ரம்பம்' என்றும் 'பிளேடு' என்றும் சொல்வதுண்டாம். பிறகு 'கடி' வந்தது. இப்போது 'மொக்கை' என்கிறார்கள். இவற்றைச் சற்று உற்றுப் பாருங்கள். கடியைத் தவிர மற்றவையெல்லாம் தச்சுப் பட்டறையிலோ அரிவாள்மணையிலோ பிறந்த சொற்கள். மொக்கை என்றால் முனை மழுங்கியது என்று பொருள். கூர்மையான நகைச்சுவை ஒரே வெட்டில் சிரிக்க வைத்துவிடும். மழுங்கிய கத்தியோ அறுக்கிறது, அறுக்கிறது, அறுத்துக்கொண்டே இருக்கிறது. இப்பெயர்களை வைத்தவர் எவரோ, அவர் பலமுறை அறுபட்டவராகத்தான் இருக்க வேண்டும்!

ஆனால் கடித் துணுக்குகளில் இரண்டு வகை உண்டு என்பது எங்கள் கருத்து. ஒன்று சிலேடை. ஒரு சொல்லுக்கு இரண்டு பொருள் இருப்பதை வைத்துக் கேட்பவரை மடக்குவது. சிஸ்டர் சொன்னதில்கூட 'பாடம்' என்ற சொல்லின் இரண்டு பொருள் ஒளிந்திருந்தது. மற்றொரு வகைக்குச் சிலேடைகூட வேண்டாம். ஒன்றுமில்லாமையே அதன் உயிர். அதற்கு எடுத்துக்காட்டு நம் எல்லோர் வீட்டிலும் இருக்கிறது. இரவில் கதை சொல்லச் சொல்லி நச்சரிக்கும் பிள்ளையிடம் பாட்டி சொல்வாரே, "ஒரு ஊரிலே ஒரு நரி, அதோடு சரி" என்று! அதுதான்.

இந்த ஆறு சொல் கதையைச் சாதாரணமாக எண்ணிவிடக் கூடாது. 'ஒரு ஊரிலே' என்று பாட்டி தொடங்கியதும் நம் மனம் பாயை விரித்துப் படுத்துக்கொள்கிறது. இப்படித் தொடங்கிய கதைகளில் ராஜா வந்திருக்கிறார், மந்திரி வந்திருக்கிறார், காடு வந்திருக்கிறது. 'ஒரு நரி' என்றதும் அது யாரை ஏமாற்றப் போகிறது என்று மனம் முன்னால் ஓடுகிறது. அந்த நேரத்தில் 'அதோடு சரி' என்று கதவு சாத்தப்படுகிறது. நரிக்குச் சரி என்று எதுகை வேறு அமைந்துவிட்டதால், கதை முறைப்படி முடிந்தது போலவும் இருக்கிறது, தொடங்காதது போலவும் இருக்கிறது. பிள்ளை முதலில் அழப் பார்க்கும். அடுத்த நாள் அதுவே தன் தம்பியிடம் போய் இந்தக் கதையைச் சொல்லும்.

இதற்கு மறுகோடியில் முடிவே இல்லாத கதை ஒன்றும் உண்டு. ஒரு களஞ்சியத்தில் நெல் நிறைய இருந்தது, ஒரு குருவி வந்து ஒரு நெல்லைக் கொத்திக்கொண்டு பறந்தது, பிறகு மற்றொரு குருவி வந்து ஒரு நெல்லைக் கொத்திக்கொண்டு பறந்தது, பிறகு... கேட்பவர் "அப்புறம்?" என்று கேட்கக் கேட்க, குருவிகள் வந்துகொண்டே இருக்கும். ஒன்றில் கதை தொடங்குமுன் முடிகிறது. மற்றொன்றில் தொடங்கியது முடியவே இல்லை. இரண்டிலும் ஏமாறுவது நம் எதிர்பார்ப்புதான்.

எதிர்பார்ப்புக்கும் சிரிப்புக்கும் உள்ள இந்த உறவை ஜெர்மன் தத்துவ அறிஞர் இம்மானுவேல் காண்ட் 1790-ஆம் ஆண்டில் வெளியிட்ட நூலொன்றில் ஆராய்ந்திருக்கிறார். இறுகிப் போயிருந்த ஓர் எதிர்பார்ப்பு திடீரென்று ஒன்றுமில்லாமல் போகும்போது சிரிப்பு பிறக்கிறது என்பது அவர் கொள்கை. அதில் ஒரு நுட்பம் உண்டு. எதிர்பார்த்ததற்கு நேர்மாறான ஒன்று வந்து நின்றால் சிரிப்பு வராது, வருத்தந்தான் வரும். எதிர்பார்த்தது வெறுமையாகிவிட வேண்டும். எங்கள் கணித வகுப்பையே எடுத்துக்கொள்வோம். சிஸ்டர் "நாளைத் தேர்வு இல்லை" என்று சொல்லிவிட்டுப் பிறகு "இருக்கிறது, அதிலும் இரண்டு தேர்வு" என்றிருந்தால் எங்களில் ஒருத்தியும் சிரித்திருக்க மாட்டாள். அவர் எங்களிடமிருந்து எதையும் பறிக்கவில்லை. எங்களிடம் இருப்பதாக நாங்கள் எண்ணிக்கொண்ட ஒன்று இல்லை என்று காட்டினார், அவ்வளவுதான்.

நமது தொல்காப்பியமும் சிரிப்பை விட்டுவைக்கவில்லை. மெய்ப்பாட்டியலில் கூறப்படும் எட்டு மெய்ப்பாடுகளுள் நகையும் ஒன்று. அது எள்ளல், இளமை, பேதைமை, மடன் என்னும் நான்கிலிருந்து பிறக்கும் என்று தமிழம்மா எங்களுக்கு விளக்கினார். உரையாசிரியராகிய பேராசிரியர் எள்ளலை மேலும் இரண்டாகப் பிரிக்கிறார். தான் பிறரை எள்ளிச் சிரிப்பது ஒன்று. பிறர் தன்னை எள்ளும்போது தானே சிரிப்பது மற்றொன்று. இந்த இரண்டாவது சிரிப்பைப் படித்தபோதுதான் எங்களுக்கு ஒரு வெளிச்சம் கிடைத்தது. நரிக் கதையைக் கேட்டுச் சிரிக்கிறவர், எள்ளப்பட்டுச் சிரிக்கிறவர் அல்லவா? இந்த வேறுபாட்டுக்குப் பின்னால் திரும்பி வருவோம். அதில் எங்கள் வகுப்பு வெட்கப்பட வேண்டிய செய்தி ஒன்று இருக்கிறது.

அதற்கு முன் வீரமாமுனிவரைப் பற்றிச் சொல்லியாக வேண்டும். இத்தாலியில் 1680-இல் பிறந்து, இயேசு சபைக் குருவாகத் தமிழகம் வந்து, தமிழுக்குச் சதுரகராதி தந்த அவரே நமக்குப் 'பரமார்த்த குருவின் கதை'யையும் தந்தார். அது 1822-இல் லண்டனில் ஆங்கில மொழிபெயர்ப்புடன் அச்சாயிற்று. மட்டி, மடையன், பேதை, மிலேச்சன், மூடன் என்று குருவுக்கு ஐந்து சீடர்கள். ஆறு தூங்குகிறதா, விழித்திருக்கிறதா என்று அறிய எரிகிற கொள்ளிக்கட்டையை நீரில் வைத்துப் பார்க்கிறார்கள். 'சுர்' என்று சத்தமிட்டுப் புகை கிளம்பியதும், ஐயையோ, ஆறு விழித்திருக்கிறது என்று ஓடுகிறார்கள். பிறகு அணைந்துபோன அதே கட்டையை வைத்துப் பார்த்துச் சத்தம் இல்லாததால், ஆறு தூங்கிவிட்டது என்று கடக்கிறார்கள். கரையேறியபின் ஆளுக்கொருவராக எண்ணும்போது, எண்ணுகிறவர் தம்மை விட்டுவிட்டு எண்ணி, ஒருவரை ஆறு விழுங்கிவிட்டது என்று ஒப்பாரி வைக்கிறார்கள். பூசணிக்காயைக் குதிரை முட்டை என்று வாங்கிய கதையைச் சொல்லவே வேண்டாம்.

இக்கதைகளில் விடை நமக்கு முன்பே தெரியும். தெரியாதவர்கள் சீடர்கள். நாம் கரையில் பத்திரமாக நின்றுகொண்டு அவர்களைப் பார்த்துச் சிரிக்கிறோம். நரிக் கதையிலோ நிலைமை தலைகீழ். அங்கே மட்டியும் மடையனும் கேட்டுக்கொண்டிருக்கும் நாம்தாம்!

திரைப்படத்துக்கு வருவோம். கங்கை அமரன் இயக்கி 1989-இல் வெளிவந்த 'கரகாட்டக்காரன்' படத்து வாழைப்பழக் காட்சியை அறியாத தமிழர் உண்டா? கவுண்டமணி இரண்டு பழம் வாங்கி வரச் செந்திலை அனுப்புகிறார். செந்தில் ஒன்றைத் தின்றுவிட்டு ஒன்றைக் கொண்டுவந்து கொடுக்கிறார். ஒன்று இங்கே இருக்கிறது, இன்னொன்று எங்கே என்று கவுண்டமணி கேட்கிறார். அந்த இன்னொன்றுதான் இது என்கிறார் செந்தில். கேள்வி திரும்பத் திரும்ப வருகிறது. விடையும் மாறாமல் வருகிறது.

இதை வகுப்பில் இருவர் நடித்தே பார்த்தோம். (பழத்துக்குப் பதில் சுண்ணக்கட்டி.) அப்போது கண்டது என்னவென்றால், செந்தில் சொல்வதில் இலக்கணப் பிழை ஒன்றும் இல்லை. இரண்டு பழங்களில் ஒன்று வயிற்றில் இருக்கிறது. அதை 'ஒன்று' என்று வைத்துக்கொண்டால், கையில் இருப்பது 'இன்னொன்று'தானே? 'இன்னொன்று' என்ற சொல் எந்தப் பழத்திலும் எழுதி ஒட்டப்பட்டிருக்கவில்லை. நிற்கிற இடத்தைப் பொறுத்து அது மாறுகிறது. கவுண்டமணி கையிலிருந்து எண்ணத் தொடங்குகிறார், செந்தில் வயிற்றிலிருந்து எண்ணத் தொடங்குகிறார். நாம் எதிர்பார்ப்பது ஒரு மன்னிப்பையோ பொய்யையோ. வருவதோ மறுக்க முடியாத உண்மை. கோபப்படவும் வழியில்லாமல் கவுண்டமணி படும் பாடுதான் அந்தக் காட்சி.

கேட்பவர் முகம் இதில் மிக முக்கியம். 1964-இல் வந்த ஸ்ரீதரின் 'காதலிக்க நேரமில்லை' படத்தில் நாகேஷ் பாலையாவுக்குத் திகில் கதை சொல்வதை எங்கள் வீட்டுப் பெரியவர்கள் இன்றும் சொல்லிச் சொல்லிச் சிரிக்கிறார்கள். அந்தக் கதையைத் தனியே எழுதிப் பார்த்தால் அதில் பெரிதாக ஒன்றும் இராது. பாலையாவின் முகத்தில்தான் கதை நடக்கிறது.

பிற நாடுகளிலும் இவ்வகை உண்டு. கோழி ஏன் சாலையைக் கடந்தது என்ற கேள்வியும், மறுபக்கம் போவதற்காக என்ற விடையும் ஆங்கிலம் பேசும் நாடுகளில் புகழ் பெற்றவை. 1847-இலேயே நியூயார்க்கின் நிக்கர்பாக்கர் என்னும் பத்திரிகையில் அச்சாகியிருக்கிறது. இதை எங்கள் வீடுகளில் சொல்லிப் பார்த்தோம். ஒருவரும் சிரிக்கவில்லை. "ஆமாம், மறுபக்கம் போகத்தான் கடக்கும்" என்றார் ஒருத்தியின் தாத்தா. உத்திரமேரூர்ச் சாலையில் கோழி கடந்தால் பேருந்துதான் நின்று வழிவிடுகிறது. அதில் வேடிக்கை பார்க்க என்ன இருக்கிறது? ஆழ்ந்து யோசித்தபோது காரணம் புரிந்தது. அந்த நாட்டுப் பிள்ளைகள் அதே அமைப்பில் சாமர்த்தியமான விடுகதைகள் பலவற்றைக் கேட்டுப் பழகியவர்கள். பழகிய பாதை இருந்தால்தானே பள்ளம் தோண்ட முடியும்? நமக்குப் பழகிய பாதை 'ஒரு ஊரிலே' என்பது. ஆகவே நமக்கு நரிதான் பலிக்கும், கோழி பலிக்காது.

ஆனால் யானை எல்லா ஊரிலும் பலிக்கிறது. அமெரிக்காவில் 1960-களின் தொடக்கத்தில் யானைத் துணுக்குகள் ஒரு காய்ச்சல் போலப் பரவினவாம். நாமும் கேட்டிருக்கிறோம், யானையைக் குளிர்பதனப் பெட்டியில் வைப்பது எப்படி என்று. கதவைத் திறக்க வேண்டும், யானையை வைக்க வேண்டும், கதவை மூட வேண்டும். சரி, ஒட்டகச்சிவிங்கியை வைப்பது எப்படி? முதல் கேள்வியில் ஏமாந்தவர் இப்போது கெட்டிக்காரராகி, "அதே மூன்று வேலைதான்" என்பார். தவறு! உள்ளே யானை இருக்கிறதே, அதை வெளியே எடுக்க வேண்டாமா? அடுத்து, சிங்கராஜா கூட்டிய கூட்டத்துக்கு வராத விலங்கு எது? ஒட்டகச்சிவிங்கி, அது பெட்டிக்குள் இருக்கிறது. முதலைகள் நிறைந்த ஆற்றைக் கடப்பது எப்படி? நீந்திப் போகலாம், முதலைகள் கூட்டத்துக்குப் போயிருக்கின்றன. ஒரே கடியை இருமுறை கடித்தால் பல் பதியாது என்பது இதைக் கட்டியவருக்குத் தெரிந்திருக்கிறது. அதனால் ஒவ்வொரு கேள்வியிலும் நாம் கற்றுக்கொண்ட பாடமே அடுத்த கேள்வியில் நமக்குக் குழியாகிறது.

எங்கள் ஊருக்கென்று ஒரு துணுக்கும் உண்டு. வைகுண்டப் பெருமாள் கோயில் சுவரில் முதலாம் பராந்தக சோழன் காலத்துக் கல்வெட்டுகள் இருப்பதும், 919, 921-ஆம் ஆண்டுகளைச் சேர்ந்த அவை குடவோலை முறையை விளக்குவதும் எல்லோரும் அறிந்ததே. முப்பது குடும்புகளுக்கும் பெயர் எழுதிய ஓலைகளைக் குடத்தில் இட்டு, விவரம் அறியாத ஒரு சிறுவனைக் கொண்டு எடுக்கச் செய்தார்கள். வரலாற்று வகுப்பில், "ஓலையை எடுக்கச் சிறுவனை ஏன் அழைத்தார்கள்?" என்று கேட்கப்பட்டபோது, முன் வரிசையிலிருந்து ஒரு குரல் மிகப் பணிவாக, "பெரியவர் கை குடத்துக்குள் போகாது, டீச்சர்" என்றது. டீச்சர் சற்று யோசித்துவிட்டு, "அதுவும் சரிதான். ஆனால் தேர்வில் எழுதிவிடாதே" என்றார்.

இப்போது நாங்கள் முன்பு சொன்ன அந்தச் செய்திக்கு வருகிறோம்.

வியாழன்தோறும் எங்கள் வகுப்பில் இலக்கிய மன்றக் கூட்டம் நடக்கும். பாட்டு, பேச்சு, துணுக்கு என்று முறை வைத்து ஆளுக்கொன்று செய்ய வேண்டும். ஏரிக்கு அப்பாலுள்ள சிற்றூரிலிருந்து முதல் பேருந்தில் வரும் ஒரு தோழி இவ்வாண்டுதான் எங்களோடு சேர்ந்தாள். அதிகம் பேசமாட்டாள். அவள் முறை வந்த அன்று எழுந்து நின்று, "ஒரு ஊரிலே ஒரு வைத்தியர் இருந்தார். அவரிடம் ஒருவர் வந்து, ஐயா, எனக்கு மூன்று நாளாகத் தூக்கமே இல்லை என்றார். அதற்கு வைத்தியர்..." என்று தொடங்கினாள். அதற்குமேல் மறந்துவிட்டது. மேலே பார்த்தாள், கீழே பார்த்தாள். தாவணி முனையை விரலில் சுற்றினாள். முதலில் ஒரு மூலையில் 'களுக்' என்று ஒலித்தது. பிறகு வகுப்பே சிரித்தது. நாங்களும் சிரித்தோம். அவள் உட்கார்ந்துகொண்டாள். அதன்பின் இரண்டு வியாழக்கிழமைகள் அவளுக்கு வயிற்றுவலி என்று விடுப்புக் கடிதம் வந்தது.

காண்ட் சொன்னபடி பார்த்தால் இதுவும் அதுவும் ஒன்றுதான். இங்கும் எதிர்பார்ப்பு இறுகியது, இங்கும் ஒன்றுமில்லாமல் போயிற்று. சிஸ்டர் கரும்பலகைப் பக்கம் திரும்பியபோது சிரித்த அதே நாற்பது பேர்தாம் அன்றும் சிரித்தோம். ஆனால் முதல் சிரிப்பை நினைத்தால் இப்போதும் சிரிப்பு வருகிறது. இரண்டாவதை நினைத்தால் ஒருவர் முகத்தை ஒருவர் பார்க்க முடியவில்லை. வேறுபாடு எங்கே?

பேராசிரியர் உரையில்தான் இருந்தது. சிஸ்டர் எங்களைக் குழியில் தள்ளினார், விழுந்தவர்கள் நாங்கள். விழுந்த எங்களைப் பார்த்து நாங்களே சிரித்தோம். வியாழனன்று விழுந்தவள் அவள். நாங்கள் மேலே நின்றோம். முடிவில்லாத துணுக்கைச் சொல்கிறவர், முடிவில்லை என்பதைத் தெரிந்தே சொல்கிறார். அவர் கையில் கடிவாளம் இருக்கிறது. அவள் கையில் அது இல்லை. இதை ஒருத்தி எடுத்துச் சொன்னபோது புளியமரத்தடியில் யாரும் வாய் திறக்கவில்லை. மறுநாள் காலை நாங்கள் நால்வர் அவள் வரும் பேருந்துக்காக நிறுத்தத்தில் காத்திருந்து, மன்னிப்புக் கேட்டோம். அவள், "பரவாயில்லை" என்று மட்டும் சொன்னாள். பரவாயில்லை என்பதற்கும் ஒன்றுக்கு மேற்பட்ட பொருள் உண்டு என்று அன்று தெரிந்தது.

அரையாண்டுத் தேர்வு முடிந்து மன்றம் மீண்டும் கூடிய அன்று, யாருடைய முறையும் முடியுமுன்பே அவள் தானாக எழுந்தாள். "அன்று நான் பாதியில் விட்ட வைத்தியர் கதையின் மீதியைச் சொல்லப் போகிறேன்" என்றாள். வகுப்பில் ஊசி விழுந்தால் கேட்டிருக்கும். சிஸ்டர்கூடப் பேனாவைக் கீழே வைத்துவிட்டார். அவள் எங்கள் எல்லோரையும் வரிசை வரிசையாகப் பார்த்தாள். கைகளைக் கட்டிக்கொண்டாள்.

"வைத்தியர் அவருக்கு மருந்து கொடுத்தார். அவர் வீட்டுக்குப் போய்த் தூங்கிவிட்டார்" என்று சொல்லி, வணக்கம் கூறி, உட்கார்ந்தாள்.

அன்று நாங்கள் சிரித்து முடிக்கச் சற்று நேரமாயிற்று. அதற்குள் மணியும் அடித்துவிட்டது. அந்தக் கதையின் உண்மையான முடிவு என்ன என்று இன்றுவரை அவளைக் கேட்டுக்கொண்டுதான் இருக்கிறோம். "அதோடு சரி" என்கிறாள்.